ஜே மட்டும் ஏன் மறக்கவில்லை? – கடிதமும் பதிலும்

அன்புள்ள சார்,

நீங்கள் பாராட்டியிருந்ததால், வேற்றுக்கிரகவாசிகளைக் கண்காணிக்கும் ரகசிய ஏஜென்ட்டுகள் ஜே, கே இருவரின் கதையான ‘மென் இன் பிளாக் 3’ பார்த்தேன். நன்றாகச் சிரித்தேன். ஆனால் காலப்பயணக் கதைக்கு வேண்டிய ஒழுங்கு அதில் இல்லை. கேயைக் கொல்ல வில்லன் போரிஸ் 1969க்குப் போனால் அங்கே இரண்டு போரிஸ் இருக்கிறார்கள். கேயைக் காப்பாற்றப் போன ஜே, ராக்கெட் கோபுரச் சண்டையில் காலத்தில் கொஞ்சம் பின்னால் போகும்போது மட்டும் ஒரே ஜேதான். கே 1969லேயே செத்துவிட்டார் என்று எல்லோரும் சொல்ல, ஜேவுக்கு மட்டும் அவரோடு வேலை பார்த்தது எப்படி நினைவிருக்கிறது? கடைசியில் அப்பா சென்டிமென்ட் வேறு. பிள்ளைகளுக்குக் காட்டலாமா?

அன்புடன்,
எஸ்.

அன்புள்ள எஸ்.,

கோபுரச் சண்டையில் நீங்கள் சொல்வது ஓட்டைதான். ஆனால் ஜேயின் நினைவு அப்படியல்ல. படமே அதன்மேல்தான் நிற்கிறது.

மூன்று படங்களையும் சேர்த்துப் பாருங்கள். 1997இல் வந்த முதல் படத்தின் முடிவில், கே தானே கேட்டுக்கொண்டு ஜேயின் கையால் தன் நினைவை அழித்துக்கொள்கிறார். 2002இல் அந்த நினைவை ஜே மீட்டுக் கொடுக்க வேண்டியிருக்கிறது. 2012இல் கேயின் 40 வருட வாழ்க்கையே நடக்காததாகிவிடுகிறது, அதைத் தெரிந்தவன் ஜே ஒருவன்தான். யார் யாரை நினைவில் வைத்திருக்கிறார்கள் என்பதுதான் தொடக்கத்திலிருந்தே கதை.

இப்போது 1969 ஜூலை 16, அப்போலோ 11 கிளம்பிய காலை. கடற்கரையில் கேவுக்கு உதவிய ராணுவ அதிகாரியை போரிஸ் கொன்றுவிடுகிறான். வண்டியிலிருந்து ஒரு சின்னப் பையன் இறங்கி வந்து அப்பா எங்கே என்கிறான். இளைய கே அவனுடைய அப்பா ஒரு ஹீரோ என்று சொல்லி, நினைவழிப்புக் கருவியை எடுத்து அந்தச் சாவை மட்டும் அழித்துவிடுகிறார். தூரத்தில் நின்று பார்க்கிற ஜேவுக்கு அந்தப் பையன் தான்தான் என்று அப்போதுதான் தெரிகிறது. இரண்டு படங்களாக நம்மைச் சிரிக்கவைத்த கருவி அது. இங்கே அதே கருவியால் ஒரு குழந்தை காப்பாற்றப்படுகிறது. அன்று அங்கே இருந்ததால்தான் ஜேவுக்குக் கே மறக்கவில்லை என்று நான் எடுத்துக்கொள்கிறேன்.

இதைச் சென்டிமென்ட் என்று ஒதுக்க எனக்கு மனம் வரவில்லை. படத்தின் ஆரம்பத்தில், நீங்கள் ஏன் இப்படி ஆனீர்கள் என்று ஜே கேட்கிறான். பதில் தெரிய வேண்டாத கேள்வியைக் கேட்காதே என்று கே வாயை அடைத்துவிடுகிறார். அந்தக் கேள்விக்காகத்தான் படம் 1969க்கே போகிறது. அங்கே ஜாஷ் புரோலின் நடித்த இளைய கேயைப் பாருங்கள். டாமி லீ ஜோன்ஸின் குரலும் இழுவையும் அச்சு அசல். ஆனால் இவர் சிரிக்கிறார், பேச்சுக் கொடுக்கிறார், வழக்கு சிக்கினால் எல்லாவற்றையும் விட்டுவிட்டு ‘பை’ (pie) என்ற பண்டம் சாப்பிடப் போகலாம் என்கிறார். இந்த மனிதர் எங்கே போனார் என்ற கேள்வி அப்போதே நமக்குள் விழுந்துவிடுகிறது. நடிப்பில் இதைவிடக் கடினமான வேலை அந்தப் படத்தில் வேறு யாருக்கும் இல்லை.

அப்புறம் கிரிஃபின். எல்லா எதிர்காலங்களையும் ஒரே நேரத்தில் பார்க்கும் வேற்றுக்கிரகவாசி. ஜூலையில் காலியாகக் கிடக்கும் நியூயார்க்கின் ஷியா ஸ்டேடியத்தில் உட்கார்ந்து, அக்டோபரில் மெட்ஸ் பேஸ்பால் அணி ஜெயிக்கப்போகும் ஆட்டத்தை ரசிக்கிறார். 1962இல் தொடங்கி, 10 அணிகள் கொண்ட லீகில் ஒன்பதாவது இடத்தைத் தாண்டாத அணி அது. 1969இல் உண்மையாகவே உலகத் தொடரை வென்றது. எத்தனை சின்னச் சின்னத் தற்செயல்கள் சேர்ந்தால் அந்தக் கடைசிப் பந்து அப்படிப் பறக்கும் என்று கிரிஃபின் அடுக்கும் இடத்தில், காலப்பயணத்தின் தர்க்கத்தைவிட அதன் ஆச்சரியத்தைப் படம் பிடித்துவிடுகிறது. நான் அந்தப் படத்தை நேசிப்பது இதனால்தான்.

பிள்ளைகளுக்குத் தாராளமாகக் காட்டலாம், சின்னவர்கள் போரிஸைப் பார்த்துக் கொஞ்சம் பயப்படலாம். ஆனால் மூன்றாவதிலிருந்து தொடங்காதீர்கள். முதல் படத்தை முதலில் பாருங்கள். இரண்டாவது சுமார்தான், ஆனாலும் கே எப்படித் திரும்பி வந்தார் என்பதற்காக அதையும் பார்த்துவிடுங்கள்.