ஒசாகாவின் தெருவுணவு: வாசகர் கேள்விகளும் பதில்களும்

ஜப்பானின் ஒசாகா நகரில் வழிகாட்டியுடன் நடந்து தெருவுணவு உண்ணும் சுற்றுலாவைப் பற்றி வாசகர்கள் பலர் கேட்டிருக்கிறார்கள். ஒரே பொருளைக் கேட்ட கடிதங்களை ஒன்றாக்கிச் சுருக்கிப் பதில் தருகிறோம்.

டோக்கியோவும் கியோத்தோவும் இருக்க, தெருவுணவு என்றதும் எல்லோரும் ஒசாகாவைச் சொல்வது ஏன்?
– வாசகி, கோயம்புத்தூர்

காரணம் கடைத்தெருவில் இருப்பதைவிட வரலாற்றில்தான் அதிகம் இருக்கிறது. தோகுகாவா ஆட்சிக் காலத்தில் நாடெங்குமுள்ள சிற்றரசர்கள் வரியாகப் பெற்ற நெல்லரிசியை ஒசாகாவிலிருந்த தங்கள் பண்டகசாலைகளுக்கு அனுப்பி, அங்கேயே விற்றுப் பணமாக்கினார்கள். அந்த வணிகம் நடந்த தோஜிமா அரிசிச் சந்தைக்கு 1730இல் அரசு முறையான ஒப்புதல் அளித்தது. பின்னாளில் கைமாறும் சரக்குக்கு இன்றே விலை பேசி முடிக்கும் முன்பேரச் சந்தைகளில் உலகின் முதலாவது என்று பொருளியல் வரலாற்றாசிரியர்கள் பலர் அதைக் குறிப்பிடுகிறார்கள். அரிசி வந்த வழியே மற்ற உணவுப் பொருள்களும் வந்து குவிந்ததால், நாட்டின் அடுக்களை என்ற பெயர் இந்த நகருக்கு நிலைத்தது.

வந்த பொருள்களில் நாக்குக்கு முக்கியமானது கொம்பு என்னும் கடற்பாசி. வடக்கே ஹொக்கைடோவில் அறுவடையாகி, ஜப்பானியக் கடலோரமாகச் சுற்றிவந்த சரக்குக் கப்பல்களில் அது ஒசாகாவை அடைந்தது. அதையும் காத்சுவோபுஷி என்னும் சூரைக் கருவாட்டின் சீவலையும் வெந்நீரில் ஊறவைத்து இறக்கும் தெளிந்த சாறே தாஷி. (இலங்கையிலும் நம் தென்கடலோரத்திலும் மாசி என்று வழங்கும் கருவாடும் இதே இன மீனிலிருந்து செய்யப்படுவதுதான்.) சாக்குக்கணவாய் (ஆக்டோபஸ்) வைத்த உருண்டையான தாகோயாகியின் மாவு, முட்டைக்கோஸ் கலந்து சுடும் அடையான ஒக்கோனோமியாகியின் மாவு, உதோன் நூடுல்ஸின் குழம்பு, குளிர்காலத்தில் கொதித்துக்கொண்டேயிருக்கும் ஓதென் என்னும் குழம்புப் பானை ஆகிய அனைத்திலும் தாஷி இருக்கிறது. ஒசாகாவின் தெருவுணவை அறிய விரும்புகிறவர், கண்ணுக்குத் தெரியாத இந்தச் சாற்றிலிருந்து தொடங்க வேண்டும் என்பது என் உறுதியான எண்ணம். மேலே ஊற்றப்படும் கருஞ்சாந்தையும் (சாஸ்) மயோனைசையும் மட்டும் சுவைத்துவிட்டு ஊர் திரும்பினால், அந்த நகரின் சமையலைச் சுவைத்ததாக ஆகாது.

இரண்டாம் உலகப் போருக்குப் பின் அரிசித் தட்டுப்பாட்டுக் காலத்தில் அமெரிக்கக் கோதுமை மாவு பெருமளவில் வந்ததும் இங்குள்ள மாவுப் பண்டங்கள் பெருகுவதற்கு வழி செய்தது.

ஒன்றை முன்கூட்டியே தெரிந்துகொள்வது நல்லது. ஒசாகாவில் தெருவுணவு என்றால் தள்ளுவண்டிகள் வரிசையாக நிற்கும் காட்சி அல்ல. பெரும்பாலும் தெருவைப் பார்த்துத் திறந்த சிறு கடைகள். வண்டிக் கடைகளில் உட்கார்ந்து உண்பதுதான் உங்கள் விருப்பமென்றால் ஃபுகுவோகாவுக்குச் செல்லுங்கள். மறையும் நிலையிலிருந்த அந்தக் கடைகளைக் காக்க அந்த நகராட்சி 2013இல் தனியாக ஒரு விதிமுறையே இயற்றியது.

கைப்பேசியில் வரைபடமும் கடைகளின் மதிப்பீடுகளும் இருக்கும்போது, வழிகாட்டிக்குப் பணம் கொடுப்பது வீண்செலவு அல்லவா?
– வாசகர், சென்னை

தோதோன்போரி வீதியில் மட்டும் உண்பதானால் வழிகாட்டி தேவையில்லை. 1612இல் தொடங்கி 1615இல் வெட்டி முடிக்கப்பட்ட கால்வாயின் கரையில், நாடக அரங்குகளுக்கு வந்த கூட்டத்தின் பசியாற்றிய கடைகளிலிருந்து வளர்ந்த வீதி அது. இன்று அங்கே பண்டங்களின் படங்கள் வெளியிலேயே தொங்குகின்றன. விரலால் சுட்டிக் காட்டி வாங்கிவிடலாம்.

ஆனால் அதற்குப் பின்னால் இரண்டு சந்து தள்ளிப் போனால் நிலைமை மாறிவிடுகிறது. எட்டுப் பேர் அமரக்கூடிய கடைகள், வாசலில் தொங்கும் துணித்திரை, சுவரில் ஒட்டிய கையெழுத்துத் தாள்களே விலைப்பட்டியல் என்ற நிலையில், மொழி தெரியாத நமக்கு உள்ளே நுழையத் தயக்கம். மொழி தெரியாதவரை எப்படிக் கவனிப்பது என்று கடைக்காரருக்கும் அதே தயக்கம். அந்தத் திரையை விலக்கி இரு தரப்பையும் பேசவைப்பதுதான் நல்ல வழிகாட்டியின் முதல் வேலை. தட்டில் இருப்பது எது, சாறு எதிலிருந்து வந்தது, இந்தக் கடை ஏன் இந்த இடத்தில் இருக்கிறது என்று சொல்வது இரண்டாவது வேலை. ஒரு தட்டை நால்வர் பகிர்ந்து உண்ணும்படி அளவைக் கட்டுப்படுத்தி, கடைசிக் கடைவரை பசியைக் காப்பாற்றுவது மூன்றாவது.

வெளிநாட்டவருக்குக் கட்டணம் பெற்று வழிகாட்டுவோர் அரசுத் தேர்வில் தேறியிருக்க வேண்டும் என்ற விதி ஜப்பானில் 1949 முதல் இருந்தது. 2018 ஜனவரியில் அது தளர்த்தப்பட்டு, இப்போது எவரும் இந்தத் தொழிலைச் செய்யலாம். உரிமம் பெற்ற வழிகாட்டி என்ற பட்டத்தை மட்டும் தேறியவர்களே பயன்படுத்த முடியும். உரிமம் இல்லாதவர்களிலும் அந்தத் தெருவிலேயே பிறந்து வளர்ந்த அருமையான வழிகாட்டிகள் உண்டு என்பதால், இதை ஒரே அளவுகோலாக்க வேண்டாம். பதிவு செய்யும் முன் குழுவில் எத்தனை பேர் என்று கேளுங்கள்; பத்துக்கு மேல் போனால் சிறு கடைகளுக்குள் நுழையவே முடியாது. உணவின் விலையும் பானங்களின் விலையும் கட்டணத்தில் அடங்குமா என்றும் கேளுங்கள். பதினைந்து பண்டங்கள், இருபது பண்டங்கள் என்று எண்ணிக்கையால் அழைக்கும் சுற்றுகளை நான் பரிந்துரைப்பதில்லை, ஏனெனில் நான்காவது கடைக்குள் வயிறு நிறைந்துவிடும். பாசி படர்ந்த ஃபுதோ தெய்வச் சிலை இருக்கும் ஹோசென்ஜி என்ற குறுஞ்சந்தின் வழியே சென்று, நம்பா நிலையத்தின் பின்தெருக்களிலோ தென்மா பகுதியிலோ முடியும் நடை, பெருவீதியிலேயே சுற்றிவரும் நடையைவிடப் பலமடங்கு பயனுள்ளது.

நானும் என் கணவரும் சைவ உணவினர். முட்டை மட்டும் உண்போம். இந்தச் சுற்றில் சேரலாமா? சேர்ந்தால் எங்களுக்கு எதுவும் கிடைக்குமா?
– வாசகி, மதுரை

பொதுச் சுற்றில் சேர வேண்டாம் என்பதே என் நேரான பதில். முதல் பதிலில் புகழ்ந்த அதே தாஷிதான் உங்களுக்குத் தடை. இறைச்சியும் மீன் துண்டும் இல்லாத பண்டத்தைச் சைவம் என்று கடைக்காரர் நல்லெண்ணத்தோடு கொடுப்பார். அதன் மாவிலோ குழம்பிலோ மீன் சாறு கலந்திருப்பது அவர் கணக்கில் வராது. ஷின்செகாய் பகுதியின் குஷிகாத்சுவில் தாமரைத் தண்டும் கத்தரிக்காயும் குச்சியில் குத்திப் பொரிக்கப்படுகின்றன. ஆனால் அதே எண்ணெயில்தான் இறைச்சியும் பொரிகிறது, பழைய கடைகள் பலவற்றில் அந்த எண்ணெயே மாட்டுக் கொழுப்பு. மேலே தூவும் சீவல்களை மட்டும் தவிர்த்துவிட்டு மற்றதை உண்ணலாம் என்று சிலர் தரும் யோசனையை ஏற்காதீர்கள்.

அதற்காக ஒசாகாவையே கைவிட வேண்டியதில்லை. உங்கள் இருவருக்கு மட்டுமான தனி வழிகாட்டியை அமர்த்தி, இறைச்சி, மீன், மீன் சாறு, விலங்குக் கொழுப்பு ஆகிய நான்கும் ஆகாது என்று நான்கையும் தனித்தனியே எழுத்தில் தெரிவியுங்கள். சைவம் என்ற ஒரு சொல்லை மட்டும் எழுதினால் போதாது. கொம்பு மட்டுமே கொண்டு தாஷி இறக்கும் முறை பௌத்த மடங்களின் சமையலில் வழிவழியாக இருப்பதால், விவரமறிந்த வழிகாட்டிக்கு நீங்கள் கேட்பது புதிதாக இராது. மீன் சாறில்லாத ஒக்கோனோமியாகி செய்து தரும் கடைகளும் நகரில் இருக்கின்றன. அவற்றை முன்கூட்டியே பேசி ஏற்பாடு செய்வது அவருடைய பொறுப்பு.

தெருவில் தயக்கமின்றி உண்ணக்கூடியவையும் உண்டு. சூடான கற்களில் சுட்ட சர்க்கரைவள்ளிக் கிழங்கு எந்தக் கலப்பும் இல்லாதது. சோயா மாவில் புரட்டிய வாராபிமோச்சி கோடைக்கு ஏற்ற இனிப்பு. மீன் வடிவ வார்ப்பில் சுடும் தையாகி பெயரளவில்தான் மீன். உள்ளே இருப்பது செம்பயற்றுப் பூரணம், மாவில் முட்டை சேர்ந்திருக்கக்கூடும், நீங்கள் முட்டை உண்பதால் அது தடையில்லை. சோயா சாறும் சர்க்கரையும் பூசிய மிதராஷி உருண்டைகளை மட்டும் விசாரித்துவிட்டு வாங்குங்கள், அந்தப் பூச்சில் சில இடங்களில் தாஷி சேர்ப்பதுண்டு.

தாகோயாகி எப்படித் தோன்றியது? உள்ளே கூழாக இருப்பதைப் பார்த்து வேகவில்லை என்று நினைத்து வைத்துவிட்டோம்.
– வாசகர், பினாங்கு

வெந்ததுதான். தாஷியை மிகுதியாகச் சேர்த்து மோர் போல நீர்க்கக் கரைத்த கோதுமை மாவை, நம் பணியாரக்கல்லை ஒத்த குழித்தட்டில் குழிகள் நிரம்பி வழியும்படி ஊற்றி, சாக்குக்கணவாய்த் துண்டு, வெங்காயத்தாள், சிவந்த இஞ்சி ஊறுகாய், பொரித்த மாவுத் துகள் ஆகியவற்றைத் தூவுகிறார்கள். அடிப்பாகம் பிடித்ததும் கூரிய கம்பியால் ஒவ்வொன்றையும் கால் சுற்றுத் திருப்பி, வழிந்த மாவை உள்ளே மடித்துத் தள்ளி உருண்டையாக்குகிறார்கள். தேர்ந்த கடைகள் செப்புத் தட்டை விரும்புவது வெப்பம் விரைவாகவும் சீராகவும் பரவுவதற்காக. வெளித்தோல் மெல்லியதாக உறைந்து உள்ளே இளகி நிற்பதே ஒசாகாவின் பக்குவம். அந்த இளக்கத்தில்தான் தாஷியின் சுவை தங்கியிருக்கிறது. வாயில் முழுதாகப் போட்டுக்கொண்டால் நாக்கு வெந்துவிடும் என்பதால், குச்சியால் முதலில் கிழித்து ஆவியை விடுங்கள்.

ஐசுயா என்ற கடையை நடத்திய எந்தோ தொமெகிச்சி, மாட்டுத் தசைநார் வைத்த உருண்டைகளை விற்றுவந்தார். அருகிலுள்ள ஆகாஷி ஊரில் சாக்குக்கணவாய் சேர்க்கிறார்கள் என்று வாடிக்கையாளர் ஒருவர் சொன்னதைக் கேட்டு 1935இல் அதற்கு மாறினார் என்பது பரவலாக ஏற்கப்பட்ட வரலாறு. மாவிலேயே சுவை இருந்ததால் அன்று மேலே சாந்து பூசப்படவில்லை, அந்தக் கடையில் இன்றும் அப்படியே தருகிறார்கள். உங்கள் நடையில் ஒரு தட்டையாவது சாந்து இல்லாமல் கேட்டு உண்டு பாருங்கள்.

நடந்துகொண்டே உண்பது ஜப்பானில் மரியாதைக் குறைவு என்கிறார்களே. நடைச் சுற்றில் என்ன செய்வது?
– வாசகர், திருநெல்வேலி

வாங்கிய கடையின் முன்பே ஓரமாக நின்று உண்டு, தட்டையும் குச்சியையும் அந்தக் கடையிலேயே திருப்பிக் கொடுத்துவிட்டு நடப்பதுதான் முறை. கியோத்தோவின் நிஷிகி சந்தையில் நடந்தபடி உண்ண வேண்டாம் என்றே அறிவிப்பு வைத்திருக்கிறார்கள். ஒசாகா அவ்வளவு கடுமையானது அல்ல, ஆயினும் நெரிசலில் பிறர் ஆடையில் சாந்து படிவதை எந்த ஊரும் விரும்பாது. 1995இல் டோக்கியோ சுரங்க ரயிலில் நடந்த நச்சுவாயுத் தாக்குதலுக்குப் பின் நாட்டின் பொது இடங்களில் குப்பைத் தொட்டிகள் பெருமளவில் அகற்றப்பட்டதால், ஒரு சிறு பையைக் கையில் வைத்துக்கொள்ளுங்கள்.

குஷிகாத்சு கடைகளில் பொதுக் கிண்ணத்துச் சாந்தில் ஒரு குச்சியை ஒரே முறைதான் தோய்க்க வேண்டும், கடித்தபின் தோய்க்கவே கூடாது. பெருந்தொற்றுக்குப் பின் பல கடைகள் கிண்ணத்துக்குப் பதிலாகக் குப்பியில் சாந்து வைக்கின்றன. நுகர்வு வரியும் 2019 அக்டோபர் முதல் இரு வகையாக இருக்கிறது: எடுத்துச் செல்லும் உணவுக்கு 8 விழுக்காடு, கடையில் அமர்ந்து உண்பதற்கு 10 விழுக்காடு. அதனால் அமர்வீர்களா என்று கடைக்காரர் கேட்டால், அது வரிக்கான கேள்வி என்று அறிந்து பதில் சொல்லுங்கள்.

வழிகாட்டிக்கும் கடைக்காரருக்கும் அன்பளிப்புத் தர வேண்டுமா?
– வாசகி, பெங்களூரு

வேண்டாம். கடையில் மீதிச் சில்லறையை விட்டுவிட்டு வந்தால் துரத்தி வந்து கொடுப்பார்கள்.

குரோமோன் சந்தைக்குக் காலையில் போவதா, மாலையிலா?
– வாசகர், யாழ்ப்பாணம்

காலையில். மாலை நெருங்கும்போது பெரும்பாலான கடைகள் மூடத் தொடங்கிவிடும். ஏறத்தாழ 580 மீட்டர் நீளமுள்ள இந்தக் கூரைச் சந்தை முன்பு நகரத்துச் சமையற்காரர்கள் மீன் வாங்கிய இடம். இப்போது சுட்ட நண்டுக்காலும் சிப்பியும் சுற்றுலாப் பயணிகளை எண்ணி விலை வைக்கப்படுகின்றன. மீன், ஊறுகாய், கொம்பு விற்கும் பழைய கடைகளை நிதானமாகப் பாருங்கள். பசியை மாலை நடைக்கு மிச்சம் வையுங்கள்.

என் தாயாருக்கு எழுபது வயது. மூன்று மணி நேர நடையை அவர் தாங்குவாரா?
– வாசகி, சேலம்

நடையைவிட நிற்பதுதான் அவருக்குச் சிரமமாக இருக்கும், ஏனெனில் மாலைச் சுற்றுகளில் சேரும் கடைகள் சில நின்றபடியே உண்ணும் கடைகள். அமரும் கடைகள் மட்டுமே வேண்டும் என்று முன்னரே சொல்லிவிடுங்கள். அவருக்கு ஏற்ற இடம் தென்ஜின்பாஷிசூஜி என்ற கடைவீதி. ஏறத்தாழ 2.6 கிலோமீட்டர் நீளம், பெரும்பகுதிக்கு மேலே கூரை, தரை சமதளம். மழையும் ஆகஸ்ட் வெயிலும் அவரை வருத்தாது. வீதியை ஒட்டி மினாமிமோரிமாச்சி, ஓகிமாச்சி, தென்ஜின்பாஷிசூஜி ரொக்குசோமே என மூன்று சுரங்க ரயில் நிலையங்கள் அடுத்தடுத்து இருப்பதால், களைப்புத் தோன்றிய இடத்திலேயே நடையை நிறுத்திக்கொள்ளலாம். ஜூலை 24, 25 ஆகிய நாள்களில் தென்ஜின் திருவிழாக் கூட்டம் அந்தப் பகுதி முழுவதும் நெரியும்; அந்த இரு நாள்களை மட்டும் தவிர்த்துவிடுங்கள்.