வரைந்தவரின் பெயர்

அன்புள்ள ஆசிரியருக்கு,

பழைய அனிமேஷன் படங்கள் இன்று துல்லியமான டிஜிட்டல் வடிவில் கிடைக்கின்றன. படமே நிலைத்துவிட்டபோது, அதை வரைந்தவர்களைப் பற்றித் தாங்கள் தொடர்ந்து எழுதுவது எதற்காக? அது வெறும் ரசிக மனநிலை அல்லவா?

ச.

அன்புள்ள ச.,

படம் நிலைத்துவிட்டது என்ற நம்பிக்கையையே முதலில் ஐயப்பட வேண்டும். முதல் முழுநீள அனிமேஷன் படமாகக் கருதப்படும், அர்ஜென்டினாவில் கிரினோ கிறிஸ்தியானி 1917-இல் எடுத்த ‘எல் அப்போஸ்தோல்’ தீயில் அழிந்துபோயிற்று. இன்று எஞ்சியிருப்பவற்றில் மிகப் பழையது, லோட்டே ரைனிகர் கத்தரித்தெடுத்த நிழலுருவங்களைக் கொண்டு ஜெர்மனியில் உருவாக்கி 1926-இல் வெளியிட்ட ‘இளவரசர் அக்மத்தின் சாகசங்கள்’. அதன் மூலப்பிரதியும் இரண்டாம் உலகப் போருக்குத் தப்பவில்லை. பிரிட்டிஷ் திரைப்படக் கழகத்திடம் இருந்த, சாயமேற்றிய நைட்ரேட் படச்சுருள் பிரதி ஒன்றைக் கொண்டே 1990களின் இறுதியில் அதை மீட்டெடுத்தார்கள்.

எஞ்சிய படத்தைச் சரியாக மீட்பதற்கும் வரைந்தவரின் கையை அறிந்திருக்க வேண்டும். 1961-இல் வெளிவந்த ‘நூற்றியொரு டால்மேஷியன்கள்’ படத்தில், பெண்கள் கையால் மையிட்டுப் பிரதியெடுக்கும் முறைக்கு மாற்றாக, அனிமேட்டரின் பென்சில் கோடுகளே செராக்ஸ் முறையில் நேரடியாக செல் தாளுக்கு (படமாக்கப்படும் ஒளிபுகும் தாளுக்கு) மாற்றப்பட்டன. திரையில் தெரியும் அந்தச் சொரசொரப்பான கோடு கலைஞரின் கையெழுத்து. படத்தைச் சுத்தப்படுத்தும் மென்பொருளுக்கோ கோட்டுக்கும் தூசிக்கும் வேறுபாடு தெரியாது. அதை இயக்குபவருக்கும் தெரியாவிட்டால், பளபளப்பான பிரதி கிடைக்கும், கோடு போய்விடும்.

டிஸ்னியின் ‘பாம்பி’ (1942) படத்தின் வனத்தை நினைத்துப் பாருங்கள். இலை இலையாக வரைந்து காட்டை நிரப்பாமல், சோங் காலத்துச் சீன நிலக்காட்சி ஓவியங்களின் வழியில் பனியும் ஒளியுமாக அதைக் கண்டவர் ஓவியர் டைரஸ் வாங். படத்தின் தோற்றம் முழுவதையும் தீர்மானித்த அவருடைய பெயர் பின்னணி ஓவியர்களில் ஒருவராக மட்டுமே இடம்பெற்றது. டிஸ்னி ஊழியர்களின் 1941 வேலைநிறுத்தத்திற்குப் பிந்தைய பணிநீக்கத்தில், படம் வெளிவருமுன்பே அவர் வேலையையும் இழந்திருந்தார். டிஸ்னி நிறுவனம் அவரைக் கௌரவித்தது 2001-இல்தான். 106 வயது வரை வாழ்ந்ததால் அந்தப் பாராட்டு அவர் காதுக்கு எட்டியது. மையிட்டும் வண்ணம் தீட்டியும் உழைத்த பெண்களில் பெரும்பாலோருக்கு அதுகூட வாய்க்கவில்லை. உரியவருக்கு உரியதைச் சொல்வதை ரசிக மனநிலை என்று என்னால் ஏற்க முடியவில்லை.

இன்னொன்றும் உண்டு, எனக்கு மிக முக்கியமானது. ஒரு உருவத்துக்கு எடை இருப்பதாகத் தோன்ற எந்தக் கட்டத்தில் எத்தனை ஓவியம் வேண்டும் என்பது போன்ற அறிவு படச்சுருளில் பதிவாவதில்லை. செய்தவர் சொன்னால்தான் உண்டு. இதை உணர்ந்த அனிமேட்டர் ரிச்சர்ட் வில்லியம்ஸ், ஹாலிவுட்டின் பொற்காலத்து அனிமேட்டர்களான கென் ஹாரிஸ், ஆர்ட் பாபிட், கிரிம் நாட்விக் ஆகியோரை முதுமையில் தம்முடைய லண்டன் ஸ்டூடியோவுக்கு அழைத்து வந்து, இளைஞர்களோடு அமர்த்தினார். பாபிட் 1970களில் அங்கு நடத்திய வகுப்புகளின் குறிப்புகள் நகலெடுக்கப்பட்டு, அந்த வகுப்புகளைக் காணாத தலைமுறைகளுக்கும் போய்ச் சேர்ந்தன.

அப்படிக் கேட்டு எழுதிவைக்க ஆள் இல்லாத கலைஞர்களே அதிகம். செல் தாளில் கையால் வண்ணமிட்ட கடைசித் தலைமுறையினரில் பலர் இன்னும் நம்மிடையே இருக்கிறார்கள். அவர்களைத் தேடிச் சென்று பேசுவோர் இருக்கும்வரை நானும் அதைப் பற்றி எழுதிக்கொண்டிருப்பேன். அத்தகைய ஒருவரை நீங்கள் அறிந்திருந்தால், தயவுசெய்து அவர் பேசுவதைப் பதிவு செய்யுங்கள்.