இருளில் பிறப்பவை: மைன்கிராஃப்ட் அரக்கர்கள் குறித்து வாசகர் கேள்விகள்

விடுமுறை தொடங்கியதிலிருந்து டெல்டா மாவட்டங்களிலிருந்து வந்த கடிதங்களில் பெரும்பகுதி, மைன்கிராஃப்ட் விளையாட்டில் இரவில் வந்து தாக்கும் உயிர்களைப் பற்றியே இருந்ததால், இந்த இதழின் கேள்வி பதில் பகுதியை அவற்றுக்கே ஒதுக்கியிருக்கிறோம். பதில்களில் உள்ள அளவுகள் கணினியில் ஓடும் ஜாவா பதிப்புக்கு உரியவை. கைப்பேசியில் விளையாடப்படும் பெட்ராக் பதிப்பில் அடிப்படை ஒன்றேயானாலும் சில தொலைவுகள் மாறும்.

என் ஒன்பது வயது மகன் விளையாட்டில் பொழுது சாய்ந்ததும் பயந்துபோய்க் கணினியை அணைத்துவிடுகிறான். "அதுகளுக்கு என் மேல் என்னம்மா கோபம்?" என்று கேட்கிறான். அவனுக்கு என்ன பதில் சொல்வது?
*ஒரு தாய், மன்னார்குடி*

கோபம் எதுவும் இல்லை என்றே சொல்லுங்கள் அம்மா, அதுதான் உண்மையும்கூட. ஸாம்பி என்ற நடைபிண உயிருக்கு எழுதிவைக்கப்பட்டிருப்பது சில கட்டளைகள் மட்டுமே: 35 பிளாக் (விளையாட்டு உலகின் கனசதுரக் கட்டி, தொலைவின் அளவும் அதுவே) தொலைவுக்குள் விளையாடுபவரோ கிராமவாசியோ தென்பட்டால் அவரை நோக்கி நட, நெருங்கியதும் அடி, வெயில் பட்டால் எரிந்துபோ. நேற்று உங்கள் மகன் அதை வெட்டியதை அது நினைவில் வைத்துக்கொண்டு வருவதில்லை, நாளைக்குத் திட்டம் போடுவதும் இல்லை.

விளையாட்டின் ஒரு முழு நாள் 20 நிமிடம். அதில் முழு இரவு ஏறத்தாழ 7 நிமிடம்தான். படுக்கை ஒன்று செய்து உறங்கினால் அந்த நேரத்தையும் கடந்துவிடலாம். ஆனால் 8 பிளாக் தொலைவுக்குள் அரக்கர் யாரேனும் நின்றால் உறங்க முடியாது. அமைப்புகளில் பீஸ்ஃபுல் என்ற நிலையைத் தேர்ந்தெடுத்தால் தாக்கும் உயிர்கள் அனைத்தும் மறைந்துவிடும், அவன் கட்டியவை அப்படியே இருக்கும். முதல் சில நாட்களுக்கு அது நல்ல வழி. ஆனால் அதிலேயே நிரந்தரமாக விட்டுவிட வேண்டாம் என்பது என் கருத்து. கண்ணாடிச் சன்னல் வைத்து, உள்ளே நன்றாக வெளிச்சம் போட்ட ஒரு வீட்டை அவன் கட்டட்டும். நீங்களும் பக்கத்தில் உட்கார்ந்து, விடியும்போது வெளியே நிற்கும் ஸாம்பிகள் ஒவ்வொன்றாகத் தீப்பற்றி விழுவதை அவனோடு சேர்ந்து பாருங்கள். வெயிலில் ஏன் எரிகின்றன, மரநிழலில் நிற்பது ஏன் எரியவில்லை என்று அவனே கேட்கத் தொடங்குவான். அப்படிக் கேட்கத் தொடங்கிய பிள்ளைக்குப் பயம் தானாகக் குறையும்.

நண்பர்கள் சேர்ந்து கல்லணையை உண்மையான அளவிலேயே விளையாட்டில் கட்டி வருகிறோம். கட்டிய பகுதியைக் கிரீப்பர் வந்து வெடித்துத் தகர்த்துவிடுகிறது. அதைத் தடுக்க வழி உண்டா?
*பிளஸ் 1 மாணவர், திருவையாறு*

தம்பி, உங்கள் முயற்சியைப் படித்தபோது மனம் நிறைந்தது. விளையாட்டில் ஒரு பிளாக் என்பது ஒரு மீட்டர் என்பதால், 329 மீட்டர் நீளமும் 20 மீட்டர் அகலமும் கொண்டதாகச் சொல்லப்படும் கரிகாலன் அணையை அதே எண்ணிக்கையில் எழுப்ப முடியும். அவ்வளவு உழைப்பையும் ஒரு பச்சை உருவம் ஒன்றரை நொடியில் பெயர்த்துவிடுவது எத்தனை வேதனை என்பது எனக்குப் புரிகிறது. ஆகவே இதற்கு மட்டும் சற்று விரிவாகவே பதில் சொல்கிறேன்.

முதலில் கிரீப்பரின் இயல்பைத் தெரிந்துகொள்ளுங்கள். அது குரல் எழுப்பாமல் நெருங்கும். உங்களுக்கு 3 பிளாக் தொலைவுக்குள் வந்ததும் நின்று, "ஸ்ஸ்" என்று சீறி, வெளுத்து வீங்கத் தொடங்கும்; அந்தக் கணத்திலிருந்து 1.5 நொடியில் வெடிக்கும். ஆனால் அதற்குள் நீங்கள் 7 பிளாக் தொலைவைத் தாண்டிவிட்டாலோ, ஒரு சுவருக்குப் பின்னால் மறைந்துவிட்டாலோ, வீக்கம் வடிந்து அது பழைய நிலைக்குத் திரும்பிவிடும். சாதாரண நடையில் நொடிக்கு 4 பிளாக்குக்குச் சற்று அதிகமாகவே நகர முடியும் என்பதால், சீறல் கேட்டதும் தயங்காமல் விலகினால் ஓடக்கூட வேண்டியதில்லை. பதறிப்போய் வாளை வீசிக்கொண்டு அங்கேயே நிற்பவர்கள்தான் அணையையும் இழக்கிறார்கள், உயிரையும் இழக்கிறார்கள். கேடயத்தை உயர்த்திப் பிடித்தால் உங்கள் உயிர் தப்பும், அணை தப்பாது. எனவே கிரீப்பர் தென்பட்டதும் கட்டுமானத்தை விட்டு வெட்டவெளிக்கு அதை இழுத்துச் சென்று அங்கே சண்டையிடுங்கள். அது தேடி வருவது உங்களைத்தான், அணையை அல்ல. நீங்கள் எங்கே நிற்கிறீர்களோ அங்கேதான் வெடிக்கும்.

அடுத்தது வெளிச்சம். 2021 நவம்பரில் வந்த 1.18 பதிப்பிலிருந்து, விளக்கு வெளிச்சம் சுழியமாக உள்ள இடத்தில் மட்டுமே இந்த உயிர்கள் தோன்றும். அதற்கு முன் 7 அளவு வெளிச்சம் இருந்தாலும் தோன்றின. பழைய காணொளிகளைப் பார்த்து அடிக்கு ஒரு தீப்பந்தம் நட்டுக்கொண்டிருக்கும் பிள்ளைகள் இதைக் கவனிக்க வேண்டும். ஒரு தீப்பந்தத்தின் ஒளி 14. மேட்டூரில் திறந்த நீர் கடைமடைக்கு வர வரக் குறைவதுபோல, அந்த ஒளி ஒவ்வொரு பிளாக்குக்கும் ஒன்றாகக் குறைந்து, 13ஆவது பிளாக்கில் 1 என்று நிற்கும். குறுக்காகப் போகும்போது இரு திசையிலும் எண்ண வேண்டும் என்பதை மறக்கக் கூடாது. உங்கள் அணையின் மேல்தளம் 20 பிளாக் அகலம் என்றால், நடுக்கோட்டிலிருந்து ஓரம் 10 பிளாக். அந்த 13இல் மீதமிருப்பது நீளவாக்கில் பக்கத்துக்கு 3. ஆக, நடுக்கோட்டில் 7 பிளாக்குக்கு ஒன்று என்று நட்டால் ஓரம்வரை இருள் இராது; 329 பிளாக் நீளத்துக்கு 47 தீப்பந்தங்கள் போதும். இடையில் தடுப்புச் சுவர் கட்டினால் கணக்கு மாறும். தீப்பந்தங்கள் அணையின் தோற்றத்தைக் கெடுக்கும் என்று நினைத்தால், மேல்தளத்தை ஸ்லாப் எனப்படும் அரை உயர பிளாக்குகளால், அவை கீழ்ப்பாதியில் அமையும்படி, பாவிவிடுங்கள். அவற்றின் மேல் எந்த அரக்கனும் தோன்றாது. என்னைக் கேட்டால் இதுவே அழகான தீர்வு.

இவ்வளவு செய்தும் இருண்ட கரைகளில் பிறந்து நடந்து வருபவற்றைத் தடுக்க முடியாது. அதற்கு ஆற்றின் நீரே உதவும். தண்ணீருக்குள் நின்று வெடிக்கும் கிரீப்பர் அருகில் இருப்பவரைக் காயப்படுத்துமே தவிர, எந்த பிளாக்கையும் உடைக்காது. கரையிலிருந்து அணைக்கு ஏறும் வழியில் ஒரு வாய்க்காலை வெட்டி நீர் நிரப்பி வையுங்கள். இரண்டு பூனைகளைப் பச்சை மீன் கொடுத்துப் பழக்கி அங்கே உட்காரவைப்பதும் பயன்தரும், பூனையைக் கண்டால் கிரீப்பர் விலகி ஓடும். இன்னொன்றையும் சொல்ல வேண்டும்: விடிந்ததும் ஸாம்பியும் எலும்புக்கூடும் எரியும், கிரீப்பர் எரியாது. காலை வேலையைத் தொடங்குமுன் சுற்றுமுற்றும் ஒருமுறை பார்த்துவிடுங்கள்.

பேத்தி விளையாடுவதை அருகில் உட்கார்ந்து கவனிக்கிறேன். இரவில் பாய்ந்து கடித்த சிலந்தி பகலில் பக்கத்தில் போனாலும் சும்மா இருக்கிறது. இது என்ன முரண்?
*ஓய்வுபெற்ற ஆசிரியர், கும்பகோணம்*

கூர்ந்து கவனித்திருக்கிறீர்கள் ஐயா. சிலந்தி மட்டும் தன்னைச் சூழ்ந்த வெளிச்சத்தைப் பார்த்தே பகையைத் தீர்மானிக்கிறது. ஒளி 11 அல்லது அதற்குக் கீழ் இருந்தால் தாக்கும். 12 ஆனால் நாம் அடிக்காதவரை அதுவும் அடிக்காது. ஆனால் இருட்டிலேயே துரத்தத் தொடங்கிய சிலந்தி, விடிந்த நொடியில் விட்டுவிடும் என்று நம்பிவிடக் கூடாது. சுவர் ஏறும் திறன் உடையதால் வெறும் மதில் அதைத் தடுக்காது. மதிலின் உச்சியில் வெளிப்புறமாக ஒரு பிளாக் நீட்டிக் கட்டினால் அங்கே தலை இடித்து நின்றுவிடும்.

சுரங்கத்தில் ஓர் இடத்தில் நின்று பார்த்தால் எதுவும் இல்லை. சற்று நகர்ந்துவிட்டுத் திரும்பினால் அதே இடத்தில் நான்கைந்து நிற்கின்றன. என்னை யாரோ கண்காணிப்பதுபோல் இருக்கிறது.
*கல்லூரி மாணவி, வலங்கைமான்*

உங்கள் உணர்வு முழுவதும் பொய்யல்ல, விளையாட்டு உண்மையாகவே உங்கள் இருப்பிடத்தைக் கணக்கிட்டுக்கொண்டுதான் இருக்கிறது. உங்களைச் சுற்றி 24 பிளாக் தொலைவுக்குள் எந்த அரக்கனும் புதிதாகத் தோன்றாது. அதைத் தாண்டிய இருளில் தோன்றும். 128 பிளாக்குக்கு அப்பால் போய்விட்டால் உடனே மறைந்துவிடும். ஆகவே நீங்கள் நிற்கும்போது வெறுமையாக இருந்த இடம், நீங்கள் 24 பிளாக் விலகியதும் பிறப்பிடமாக மாறிவிடுகிறது.

இதோடு பலரும் கவனிக்காத ஒன்று உண்டு. தனியாக விளையாடும்போது தாக்கும் உயிர்களின் மொத்த எண்ணிக்கைக்கு ஏறத்தாழ 70 என்ற வரம்பு இருக்கிறது. காலுக்கடியில் இருண்ட குகைகள் இருந்தால் அந்த எண்ணிக்கையில் பெரும்பங்கு அங்கேயே அடைந்துகிடக்கும். குகைகளுக்கு வெளிச்சம் போட்டுவிட்டு மேலே வந்தால், வயல்வெளியில் முன்னைவிட அதிகமானவை நிற்பதைப் பார்ப்பீர்கள். ஒரு பக்கம் அடைத்தது இன்னொரு பக்கம் பிறக்கிறது. எனவே வெளிச்சம் போடுவதென்றால் வீட்டைச் சுற்றிய நிலம், பிறகு அதன் கீழுள்ள குகை என்ற வரிசையில் செய்யுங்கள்.

நான் பார்த்துப் பார்த்து வளர்த்த கிராமத்தில் ஒரே இரவில் உழவர்கள் எல்லாரும் ஸாம்பி ஆகிவிட்டார்கள். மீட்க முடியுமா?
*ஒன்பதாம் வகுப்பு மாணவி, மயிலாடுதுறை*

முடியும், வருந்த வேண்டாம். ஸாம்பி கொன்ற கிராமவாசி ஸாம்பியாக மாறும் வாய்ப்பு, விளையாட்டின் கடினம் ஈசி (எளிது) நிலையில் இருந்தால் இல்லை. நார்மல் நிலையில் பாதிக்குப் பாதி. ஹார்டு நிலையில் எல்லாருமே மாறுவார்கள். ஹார்டு நிலையில் ஸாம்பிகள் மரக்கதவையும் உடைக்கும் என்பதால், உங்கள் கிராமத்தில் நடந்தது அதுவாகவே இருக்கலாம்.

மாறியவர்களை வெயில் படாமல் ஒரு கூரைக்குக் கீழே அடைத்துவையுங்கள், இல்லையேல் விடிந்ததும் எரிந்துவிடுவார்கள். பலவீனம் தரும் கஷாயத்தை அவர்கள்மேல் எறிந்து, பிறகு தங்க ஆப்பிளை ஊட்டுங்கள். ஓர் ஆப்பிளைச் சுற்றி எட்டுத் தங்கக் கட்டிகளை வைத்தால் அது கிடைக்கும். உடல் நடுங்கத் தொடங்கி, மூன்று முதல் ஐந்து நிமிடத்தில் பழைய மனிதராகித் திரும்புவார்கள். உங்களுக்கு விலை குறைத்தும் விற்பார்கள். காவலுக்கு 'அயர்ன் கோலம்' என்ற இரும்பு மனித உருவம் ஒன்றை நிறுத்துவது நல்லது. ஸாம்பிகளை அது அடித்து நொறுக்கும், ஆனால் கிரீப்பரைத் தொடாது என்பதை நினைவில் வைத்துக்கொள்ளுங்கள்.

எண்டர்மேன் அருகே வந்தால் என்ன செய்வது?
*வாசகர், நாகப்பட்டினம்*

எண்டர்மேன் என்பது இடம்விட்டு இடம் தாவும் நெடிய கறுப்பு உருவம். அதன் முகத்தைப் பார்க்காதீர்கள். 64 பிளாக் தொலைவிலிருந்து, திரையின் நடுவிலுள்ள குறுக்குக்குறி அதன் தலையில் பட்டாலும் அது சினம்கொள்ளும். செதுக்கிய பூசணியைத் தலையில் அணிந்தால் பார்த்தாலும் சினம்கொள்ளாது, ஆனால் உங்கள் பார்வை பெரிதும் மறைக்கப்படும். சினம்கொண்டுவிட்டால் அம்பு எய்வதில் பயனில்லை, விலகிவிடும். அதன் உயரம் ஏறத்தாழ 3 பிளாக் என்பதால் 2 பிளாக் உயரமுள்ள கூரைக்குக் கீழே அது நுழைய முடியாது. அங்கே நின்றபடி அதன் கால்களை வெட்டலாம். அதற்கும் இடமில்லை என்றால் அருகிலுள்ள தண்ணீரில் இறங்கி நில்லுங்கள். நீர் பட்டால் அதற்குக் காயம் உண்டாகும், உடனே வேறிடம் தாவிவிடும்.