சட்டம் கேளுங்கள்: கோர்ட்டில் கொடுத்த வாக்கு தவறினால்?

கைமாற்றாகக் கொடுத்த 6 லட்சத்துக்குப் புரோநோட்டு வழக்குப் போட்டேன். பத்துத் தவணையில் தந்துவிடுவதாக எதிராளி சமரச மெமோவில் கையெழுத்துப் போட்டார். அதன்படியே தீர்ப்பும் ஆனது. இரண்டு தவணையோடு நின்றுவிட்டார். நீதிமன்ற அவமதிப்பு வழக்குப் போடலாமா?
– வாசகர், கரூர்

முதலில் அந்த மெமோவின் நகலை எடுத்து, வாக்கு யாருக்குக் கொடுக்கப்பட்டது என்று பாருங்கள். ‘பிரதிவாதி வாதிக்குத் தவணையில் செலுத்துவார்’ என்று மட்டும் இருந்தால் அது உங்கள் இருவருக்குள் ஆன ஒப்பந்தம். கோர்ட் அதன் மேல் முத்திரை வைத்திருக்கிறது, அவ்வளவே. ‘இந்த நீதிமன்றத்துக்கு உறுதியளிக்கிறேன்’ என்று பிரமாணப் பத்திரத்திலோ உத்தரவிலோ பதிவாகியிருந்தால்தான் அவமதிப்புக்கு வலுவான இடம் உண்டு. 1979-ல் பாபு ராம் குப்தா வழக்கில் உச்ச நீதிமன்றம் போட்ட கோடு இது. உறுதிமொழி பதிவாகியிருந்தால், தீர்ப்பை நிறைவேற்ற வேறு வழி இருக்கிறது என்பதற்காகவே அவமதிப்பு மனுவைத் தள்ள வேண்டியதில்லை என்று 2006-ல் ராமா நாரங் வழக்கில் அதே நீதிமன்றம் சொன்னது.

உறுதிமொழி இருந்தாலும் மீறல் வேண்டுமென்றே நடந்தது என்று நீங்கள்தான் காட்ட வேண்டும். கையில் காசில்லாமல் தவறுவது வேறு, நிலத்தை விற்று மைத்துனர் பெயரில் போட்டுவிட்டுத் தவறுவது வேறு. மனுவை உயர் நீதிமன்றத்தில் போட வேண்டும். கரூருக்கு மதுரைக் கிளை. மீறல் நடந்த நாளிலிருந்து ஓராண்டுக்குள் போட வேண்டும் என்கிறது 1971-ஆம் ஆண்டு நீதிமன்ற அவமதிப்புச் சட்டத்தின் 20-ஆம் பிரிவு. ‘அடுத்த மாசம் தர்றேன்’ என்ற பேச்சை நம்பி இந்த ஓராண்டைக் கோட்டை விடுகிறவர்கள்தான் அதிகம். அதிகபட்சத் தண்டனை 6 மாத வெறுங்காவல், 2,000 ரூபாய் அபராதம். அந்த அபராதமும் உங்களுக்கு வராது.

ஆகவே பணம்தான் குறி என்றால், தீர்ப்பளித்த கோர்ட்டிலேயே நிறைவேற்று மனு (தீர்ப்பின்படி பணத்தை வசூலித்துத் தரக் கேட்கும் மனு) போடுங்கள். இதற்கு 12 ஆண்டு அவகாசம் உண்டு. ‘ஒரு தவணை தவறினாலும் பாக்கி முழுவதும் உடனே கொடுக்க வேண்டும்’ என்ற வாசகம் மெமோவில் இருக்கிறதா பாருங்கள். இல்லையென்றால் தவறிய தவணைகளுக்கு மட்டுமே மனு போட முடியும். எட்டுத் தவணையும் ஒன்றொன்றாகக் கெடு தாண்டும்வரை காத்திருக்க வேண்டும். மெமோ எழுதும்போது வக்கீல்கள் அவசரத்தில் விட்டுவிடும் வரி இது.

எதிராளியிடம் என்ன சொத்து இருக்கிறது என்று தெரியாவிட்டால், சிவில் நடைமுறைச் சட்டத்தின் ஆணை 21 விதி 41-இன்படி அவரையே சொத்து விவரப் பிரமாணப் பத்திரம் தாக்கல் செய்யச் சொல்லலாம். தாக்கல் செய்யாவிட்டால் 3 மாதம் வரை சிவில் சிறை. நிலம், வீடு என்றால் வில்லங்கச் சான்று போட்டுப் பார்த்து ஜப்தி கேளுங்கள். சம்பளக்காரர் என்றால் முதல் 1,000 ரூபாயும் மீதியில் மூன்றில் இரண்டு பங்கும் தொடக் கூடாது. இதற்குக் கணக்கில் எடுக்கும் சம்பளம் 40,000 என்றால் மாதம் 13,000 பிடிக்கலாம். அதுவும் ஒரே தீர்ப்புக்கு மொத்தம் 24 மாதம்தான்.

பெரிய தொழிலதிபரை மட்டும் உச்ச நீதிமன்றம் ‘கட்டு, இல்லாவிட்டால் சிறை’ என்று எப்படிச் சொன்னது?
– வாசகி, திண்டுக்கல்

எரிக்சன் என்ற தொலைத்தொடர்புக் கருவி நிறுவனத்துக்கு 550 கோடி தருவதாக அனில் அம்பானியின் ரிலையன்ஸ் கம்யூனிகேஷன்ஸ் தரப்பு உச்ச நீதிமன்றத்திடமே உறுதிமொழி கொடுத்திருந்தது. 2018 செப்டம்பர் 30 கெடு தவறியது; டிசம்பர் 15 வரை நீட்டித்தும் பணம் வரவில்லை. ‘சொத்து விற்றால்தான் தர முடியும்’ என்ற பதிலைக் கோர்ட் ஏற்கவில்லை. கோர்ட் கேட்டது நிபந்தனையற்ற உறுதி. 2019 பிப்ரவரி 20 அன்று அனில் அம்பானியையும் இரண்டு இயக்குநர்களையும் அவமதிப்புக் குற்றவாளிகள் என்று அறிவித்து, நான்கு வாரத்தில் பாக்கி 453 கோடியைக் கட்ட வேண்டும், தவறினால் 3 மாதச் சிறை என்றது. மார்ச் 18-ல் பணம் போய்ச் சேர்ந்தது. கரூர் வாசகரின் மெமோவில் இல்லாமல் இருக்கக்கூடியதும் இதே உறுதிமொழிதான்.

நிறைவேற்று மனுவில் கைது செய்து உள்ளே வைத்துவிட்டால் கடன் கழிந்துவிடுமா?
– வாசகர், விழுப்புரம்

கழியாது. அவருடைய சொத்தை ஜப்தி செய்து வசூலிக்கும் உங்கள் உரிமை அப்படியே இருக்கும். அதே தீர்ப்புக்காக மறுபடி கைது மட்டும் செய்ய முடியாது. 5,000 ரூபாய்க்கு மேற்பட்ட பாக்கிக்கு 3 மாதம்தான் உச்சவரம்பு. வசதி இருந்தும் கொடுக்காதவர் என்று நீங்கள் நிரூபிக்க வேண்டும். வறுமையால் தவறியவரைச் சிறையில் வைக்கக் கூடாது என்று 1980-ல் ஜாலி ஜார்ஜ் வர்கீஸ் வழக்கில் உச்ச நீதிமன்றம் சொல்லியிருக்கிறது. பணத் தீர்ப்புக்காகப் பெண்களைக் கைது செய்யவே முடியாது. உள்ளே இருப்பவரின் சாப்பாட்டுப் படியையும் நீங்கள்தான் முன்கூட்டியே கட்ட வேண்டும். கட்டுவதை நிறுத்தினால் அவரை விட்டுவிடுவார்கள்.