மஃபின் தட்டில் செய்யும் வான்கோழி மீட்லோஃப் வறண்டு போகாமல் இருக்க என்ன செய்வது?

உங்கள் கேள்வியில் இரண்டு விஷயம் இருக்கிறது. மஃபின் தட்டில் குழிக்கு ஒன்றாக வைத்து வேகவைத்த வான்கோழி மீட்லோஃப் (கொத்துக்கறியை ரொட்டி, முட்டையோடு பிசைந்து ஓவனில் சுடுகிற அமெரிக்கப் பண்டம்) ஏன் வறண்டு உதிர்ந்தது என்பது ஒன்று. "இதுக்குப் பேசாம கோலா உருண்டையே போட்டிருக்கலாம், இதெல்லாம் நம்ம சாப்பாடா?" என்று மாமியார் சொன்னது இன்னொன்று. முதலாவதுக்கு யார் வேண்டுமானாலும் பதில் சொல்லிவிடுவார்கள். இரண்டாவதைப் படித்த பிறகுதான் நான் எழுத உட்கார்ந்தேன்.

காரைக்குடி என்று மட்டும் போட்டிருக்கிறீர்கள். கல்யாணமாகிப் புதிதாக வந்தவர், ஓடிஜி அடுப்பு (மின்சார ஓவன்) சீரோடு வந்தது, ஏதோ அமெரிக்கக் காணொளியைப் பார்த்து அதே அளவில் செய்திருக்கிறீர்கள் என்று வைத்துக்கொள்கிறேன். நான் கல்லல் பக்கம். அப்பா கல்யாணச் சமையல்காரர். கொத்துக்கறி விஷயத்தில் எனக்குக் கொஞ்சம் அதிகமாகவே ரோஷம் வரும்.

வறட்சிக்கு முதல் காரணம் கறி. நெஞ்சுக்கறியை மட்டும் வாங்கியிருப்பீர்கள். வான்கோழி நெஞ்சில் கொழுப்பு மிகவும் குறைவு. ஆட்டுக் கொத்துக்கறியில் செய்கிற எதையும் அதில் அப்படியே செய்ய முடியாது. தொடைக்கறி பாதி, நெஞ்சுக்கறி பாதி எடுங்கள். நம் ஊர்க் கடைகளில் தோலை உரித்து ஒதுக்கிவிடுவார்கள். தோலுக்கு அடியில் ஒட்டியிருக்கும் கொழுப்பைக் கேட்டு வாங்கி, அரைக்கிலோ கறிக்கு இரண்டு கரண்டி சேர்த்து அரையுங்கள்.

அரைப்பதிலும் ஒரு பக்குவம் உண்டு. அமெரிக்காவில் அரைத்த வான்கோழிக் கறியே பொட்டலமாகக் கிடைக்கும். இங்கே பல கறிக்கடைக்காரர்கள் ஆட்டுக்கறி மெஷினில் வான்கோழியைப் போட மாட்டார்கள். வீட்டில்தான் அரைக்க வேண்டும். கறியைத் துண்டு போட்டு, ஃப்ரீசரில் 20 நிமிஷம் வைத்து விறைக்க விட்டு, மிக்ஸியில் விட்டு விட்டுச் சுற்றுங்கள். விழுதாகிவிட்டால் வெந்தபின் ரப்பர் போல இழுக்கும். கொத்தினது தெரிகிற அளவில் நிறுத்துங்கள்.

இரண்டாவது காரணம் பொட்டுக்கடலை. அதைத்தான் சேர்த்திருப்பீர்கள், நம் கை அதைத்தான் தேடும். எண்ணெயில் பொரிக்கிற கோலாவுக்கு அது சரி. சில நிமிஷத்தில் வெளியே மொறுமொறுப்பாகி உள்ளே ஈரம் நின்றுவிடும். ஓடிஜிக்குள் இருபது நிமிஷத்துக்கு மேல் காய்ந்த சூட்டில் இருக்கும்போது அதே மாவு இருக்கிற ஈரத்தையும் குடித்துவிடும். அரைக்கிலோ கறிக்கு ஒரு மேசைக்கரண்டி போதும். மிச்ச வேலையை ரொட்டிக்குக் கொடுங்கள். இரண்டு துண்டு ரொட்டியை ஓரம் நீக்கி, 100 மில்லி பாலில் ஊறவைத்து, மசித்துச் சேருங்கள். பாலில் ஊறிய மாவுச்சத்து தண்ணீரைப் பிடித்து வைத்துக்கொண்டு, கறியின் புரதம் ஒன்றோடொன்று இறுகிப் போகாமல் தடுக்கும். அமெரிக்க மீட்லோஃபின் சூட்சுமமே இதுதான். அதை நாம் மாற்ற வேண்டியதில்லை.

ஒரு முட்டை. சின்ன வெங்காயம் ஒரு கைப்பிடி பொடியாக அரிந்து, வதக்கி, நன்றாக ஆறவிட்டு. பச்சையாகப் போட்டால் குழிக்குள் தண்ணீர் விட்டு அடியில் தேங்கும். உப்பு முக்கால் தேக்கரண்டி. மசாலா கோலாவுக்கு அரைப்பதுதான்: சோம்பு, பட்டை, கிராம்பு, கசகசா, வரமிளகாய், கொஞ்சம் தேங்காய். கல்பாசி ஒரு இணுக்குப் போதும், வான்கோழிக்கு ஆட்டுக்கறி மாதிரி முரட்டு மணம் கிடையாது, மசாலா மிஞ்சினால் கறி காணாமல் போய்விடும்.

இனி தட்டு. பெரிய மீட்லோஃப் ஒரே பாளமாக வேக ஒரு மணி நேரம் பிடிக்கும். நடு வேகுமுன் ஓரம் காய்ந்துவிடும். கொழுப்பில்லாத வான்கோழிக்கு அந்த ஒரு மணி நேரம் ஆகாது. குழியில் சுமார் 100 கிராம் வைத்தால் 190 டிகிரி செல்சியஸில் 22 முதல் 25 நிமிஷம். அடுப்பை முன்னாலேயே சூடாக்கி வையுங்கள். குழிக்கு எண்ணெய் தடவி, கலவையை அழுத்தித் திணிக்காமல் லேசாகக் குவித்து வையுங்கள். பணியாரச் சட்டியில் மாவு ஊற்றிப் பழகிய கைக்கு இந்த அளவு தானாகவே வரும். வெந்ததா என்று நிறத்தைப் பார்த்து முடிவு செய்யாதீர்கள். 74 டிகிரி வந்த பிறகும் வான்கோழி சில சமயம் லேசாகச் சிவந்தே இருக்கும். சமையல் தெர்மாமீட்டரை நடுவில் குத்துங்கள், 74 வந்ததும் எடுத்துவிடுங்கள். "எதுக்கும் இன்னும் பத்து நிமிஷம் இருக்கட்டும்" என்று நீங்கள் விட்டிருப்பீர்கள் என்பது என் ஊகம், வறட்சிக்கு மூன்றாவது காரணம் அது. எடுத்ததும் ஐந்து நிமிஷம் தட்டிலேயே விட்டால், வெட்டும்போது சாறு அவ்வளவாக வெளியே ஓடாது.

மேலே தடவ அமெரிக்கர்கள் கெட்சப்பும் சர்க்கரையும் கலப்பார்கள். நான் தக்காளித் தொக்கில் கொஞ்சம் நாட்டுச்சர்க்கரை கரைத்துக் கடைசி ஐந்து நிமிஷத்தில் தடவுகிறேன். முன்னாலேயே தடவினால் சர்க்கரை கருகும்.

சரி, இப்போது மாமியார் சொன்னதற்கு வருகிறேன். எங்கள் வீட்டில் நடந்ததையே சொல்கிறேன்.

தங்கச்சி மகனுக்குக் காதுகுத்து. முதல் நாள் சாயங்காலமே வீடு நிறைந்துவிட்டது. மறுநாள் பந்திக்கு ஆட்டுக்கறி ஏற்பாடாகியிருந்தது, ராத்திரிக்கு மட்டும் நான் பார்க்க வேண்டும். மாமனாருக்கு ரத்த அழுத்தம், உப்பைப் பாதியாக்கச் சொல்லியிருக்கிறார் டாக்டர். டல்லாஸிலிருந்து வந்த தம்பி மகள் காரம் நாக்கில் பட்டால் தட்டைத் தள்ளிவிடும். தங்கச்சிக்கு முட்டை ஒத்துக்கொள்ளாது. அப்பாவுக்குப் பல் இல்லை, ஆனால் காரம் குறைந்தால் பேசவே மாட்டார். இத்தனை பேருக்கும் தனித்தனிச் சட்டி வைத்தால் விடிந்துவிடும். பக்கத்துத் தோப்பில் வான்கோழி வளர்க்கிறார்கள். பெரிய சேவல் ஒன்றை வாங்கினால் ஒரு வீட்டுக்குத் தாராளமாகக் காணும்.

ஒரே கலவையைப் பிசைந்து, முட்டையும் உப்பும் மிளகாயும் சேர்க்கும் முன் நான்கு பாத்திரத்தில் பிரித்தேன். ஒன்றில் முழுக் காரம். ஒன்றில் மிளகாயே இல்லாமல் மிளகு மட்டும். ஒன்றில் பாதி உப்பு. ஒன்றில் முட்டைக்குப் பதில் ரொட்டி கொஞ்சம் கூடுதலாக, அதுவும் நன்றாகவே பிடித்துக்கொண்டது. எது யாருடையது என்று தெரிய, காரத்தின் மேல் கறிவேப்பிலை, மிளகின் மேல் முந்திரி, பாதி உப்பின் மேல் வெங்காய வளையம், முட்டையில்லாததை ஒன்றுமே வைக்காமல் விட்டுவிட்டேன். எல்லாம் ஒரே தட்டு, ஒரே அடுப்பு, ஒரே நேரம். மாமனார் மருந்துச் சாப்பாடு என்று ஒதுங்கி உட்காராமல் எல்லோரோடும் ஒரே பந்தியில் சாப்பிட்டார். குழி குழியாகச் செய்வதன் அருமை எனக்கு அன்றைக்குத்தான் முழுசாகப் பட்டது.

அப்போதுதான் சித்தப்பா ஆரம்பித்தார். "என்னத்தா, கோலாக்காரர் மக வெள்ளைக்காரன் சாப்பாடு போடுற?"

நான் வாயைத் திறக்கும் முன் அப்பா ஒன்றைப் பிய்த்து வாயில் போட்டு மென்றார். சித்தப்பா பக்கம் திரும்பவே இல்லை. என்னிடம், "கறிய எத்தன தடவ அரச்ச?" என்றார்.

"ஒரு தடவதான்ப்பா. விட்டு விட்டு."

"அதான் நல்லாருக்கு. வெங்காயத்த வதக்கித்தான போட்ட?"

"ஆமாப்பா."

"காரத்துல இன்னொண்ணு வை." அவ்வளவுதான். பிறகு சித்தப்பாவிடம் சொன்னார்: "ஏன்டா, மலேயாவுலேர்ந்து வந்து இறங்குறவுக கட்லெட்டு கேப்பாக, ஸ்டூ கேப்பாக, புட்டிங் கேப்பாக. கேட்டதெல்லாம் செஞ்சு போட்ட கைடா இது. அப்ப எந்த அடுப்பும் கோவிச்சுக்கிட்டு அணைஞ்சு போகல."

இதைப் படித்துவிட்டு யாராவது கீழே வந்து, "செட்டிநாட்டுச் சமையலின் பெயரைக் கெடுக்கிறீர்கள்" என்று எழுதக்கூடும். நான் மீட்லோஃபைச் செட்டிநாட்டுப் பலகாரம் என்று எங்கேயும் சொல்லவில்லை. அது அமெரிக்க வீட்டுச் சாப்பாடு, அவர்களுடையதாகவே இருக்கட்டும். எங்கள் வீட்டு மசாலாவில் செய்தேன் என்றுதான் சொல்கிறேன். ஆனால் "நம்ம சாப்பாடா" என்று கேட்பவர்களிடம் ஒன்று கேட்பேன். வான்கோழியின் பூர்வீகம் மெக்சிகோ பக்கம் என்று ஒதுக்குகிறீர்கள். மிளகாயும் தக்காளியும் அதே அமெரிக்கக் கண்டத்திலிருந்து வந்தவைதானே? மிளகாயைப் போர்த்துகீசியர் கொண்டு வந்து இறக்கியது 16ஆம் நூற்றாண்டில். அதற்கு முன்னால் இங்கே காரம் என்றால் மிளகுதான். விசேஷத்துக்கு விசேஷம் பொங்கி வைக்கிற கறுப்புக் கவுனி அரிசி பர்மா போனவர்கள் கொண்டு வந்தது என்பார்கள். கப்பலில் வந்ததையெல்லாம் கழித்துவிட்டால் நம் இலையில் என்ன மிஞ்சும் என்று எண்ணிப் பார்க்கட்டும். வான்கோழியையே எடுத்துக்கொண்டால், நந்தனம் வான்கோழி என்று கால்நடைப் பல்கலைக்கழகத்தில் தமிழ்நாட்டுக்கென்றே ஓர் இனம் உருவாக்கிக் கொடுத்திருக்கிறார்கள். அது இங்கே பிறந்து இங்கே மேய்கிற பறவை.

கேட்காத ஒன்றையும் சொல்லிவிடுகிறேன், மனதில் வெகுநாளாக இருக்கிறது. செட்டிநாட்டுச் சமையல் என்று இப்போது ஊருக்கு ஊர் பலகை தொங்குகிறது. ஆச்சிமார் (செட்டியார் வீட்டுப் பெண்கள்) கைப்பக்குவம் என்று எழுதுகிறார்கள். ஆச்சிமார் கைப்பக்குவம் உண்மைதான், அப்பாவே பாதி வித்தையை அவர்களிடம்தான் கற்றார், அதை அவர் மறைத்ததே இல்லை. ஆனால் முதல் நாள் ராத்திரி போய் இறங்கி, இரண்டாங்கட்டுக்குப் பின்னால் கோட்டை அடுப்பு மூட்டி, விடிய விடிய அம்மியும் ஆட்டுக்கல்லும் இழுத்து, ஆயிரம் பேருக்கு ஒரே ருசியில் இறக்கிக் கொடுத்தவர்கள் சுற்றுப்பட்டு ஊர்களிலிருந்து போன சமையல்காரர்கள், கூடப் போன பெண்கள். பித்தளைப் பாத்திரத்தில்கூட வீட்டுக்காரர் விலாசம் வெட்டியிருக்கும். சமைத்தவர் பேரை எழுதி வைக்க எந்த இடமும் இருந்ததில்லை. அப்பாவின் கோலாவை ஒரு பெரிய ஓட்டலில் இருந்து வந்தவர்கள் நின்று பார்த்துக் குறித்துக்கொண்டு போனார்கள். அது அவர்கள் சாப்பாட்டுப் பட்டியலில் வந்தது, சிவப்புப் பொடி போட்டு, மூன்று மடங்கு மிளகாயோடு. அப்பா பேர் வரவில்லை. காசு கேட்கவில்லை அவர். "மிளகாய இவ்வளவு போட்டு நம்மள அசிங்கப்படுத்துறானேத்தா" என்பதுதான் அவருடைய வருத்தம். செட்டிநாடு என்றால் நெருப்புக் காரம் என்று வெளியூர்க்காரர்கள் நம்புவது இப்படித்தான் வந்தது. வீட்டுச் சமையலில் சோம்பும் மிளகும் தேங்காயும் பேசுமே தவிர, மிளகாய் முன்னால் வந்து நிற்காது.

மாமியாரிடம் வாதாடச் சொல்லவில்லை. அவருக்குப் பிடித்த கோலாவின் மசாலாவை அவரையே அரைத்துத் தரச் சொல்லி, அதிலேயே அடுத்த தட்டைச் செய்யுங்கள். அந்த அளவு உங்களுக்கும் எழுத்தில் கிடைத்துவிடும். அதில் அரைத்தவர் பேரையும் சேர்த்து எழுதி வையுங்கள்.

ஓடிஜி இல்லாதவர்களும் இந்தக் கேள்வியைப் பார்ப்பார்கள் என்பதால்: சின்ன எவர்சில்வர் கிண்ணங்களில் எண்ணெய் தடவி, இதே கலவையை வைத்து, இட்லிப் பானையில் 20 நிமிஷம் ஆவி காட்டுங்கள். நடுவில் 74 டிகிரிதான் அளவு, அது மாறாது. பிறகு கவிழ்த்து எடுத்து, தோசைக்கல்லில் நெய் விட்டு நான்கு பக்கமும் சிவக்க விடுங்கள். மேல்பக்கம் ஓடிஜி அளவுக்கு மொறுமொறுப்பாக வராது, உள்ளே ஈரம் இதில்தான் அதிகம். மிஞ்சினதை நம் ஊர் வெயிலில் ஒரு மணி நேரத்துக்கு மேல் வெளியே வைக்காதீர்கள். ஃப்ரிட்ஜில் மூன்று நாள் தாங்கும். மறுநாள் சூடுபண்ண மைக்ரோவேவ் வேண்டாம், காய்ந்துவிடும். அதே இட்லிப் பானையில், ஆவி பறக்கச் சூடாகும் வரை வைத்து எடுங்கள்.