முடிவை மாற்றினால் துரோகமா? வங்க நாவல்களும் படங்களும்: கேள்வி பதில்

கேள்வி: தாகூரைப் படித்ததே இல்லை. ரிதுபர்ண கோஷின் 'சோக்கேர் பாலி' (2003) பார்க்கும் முன் நாவலைப் படிக்க வேண்டுமா?

பதில்: வேண்டாம், படத்தையே முதலில் பாருங்கள். வங்க ஒலியோடு பாருங்கள், இந்தி டப்பிங் வேண்டாம். தலைப்புக்குக் 'கண்ணில் விழுந்த மணல்' என்று பொருள். இளம் விதவை வினோதினியும் புதுப்பெண் ஆஷாவும் தோழிகளானதும் ஒருவரையொருவர் அழைக்க வைத்துக்கொள்ளும் செல்லப்பெயர் அதுதான். யார் கண்ணில் யார் மணல் என்பதை மனதில் வைத்துக்கொண்டு பார்த்தால் போதும்.

கேள்வி: எந்த ஓடிடியில் கிடைக்கும்?

பதில்: அடிக்கடி மாறுகிறது, தேடிப் பாருங்கள். மொழியையும் ஓடும் நேரத்தையும் சரிபார்த்துவிட்டுப் பணம் கட்டுங்கள். ரிதுபர்ணரின் இன்னொரு தாகூர் படமான 'நௌகாடூபி' (2011) தேடினால் 'கஷ்மகஷ்' என்று ஒன்று வரும். அது இந்தியில் டப் செய்து, வெட்டிச் சுருக்கியது.

கேள்வி: வங்கம் கற்கிறேன் சார். 'சோக்கேர் பாலி' நாவலில் உள்ள வினைச்சொற்களைப் படத்தில் யாருமே பேசுவதில்லையே?

பதில்: நல்ல கேள்வி. நாவல் 1903இல் நூலானது. கதை சொல்லும் நடை 'சாது' நடை, அதாவது ஏட்டு வங்கம். பேச்சு நடைக்குச் 'சலித்' என்று பெயர். சாதுவில் 'கொரியாச்சே' என்பது சலித்தில் 'கொரேச்சே'. நம் 'செய்திருக்கிறார்', 'செஞ்சிருக்கார்' மாதிரி. தாகூர் சலித் நடையில் எழுதிய முதல் நாவல் 'கரே பாய்ரே' (1916). அதிலிருந்து தொடங்குங்கள், படங்களில் காதில் விழுவதோடு ஒத்துப்போகும்.

கேள்வி: 15 நிமிடக் குறும்படத்துக்கு ஒரு தாகூர் சிறுகதையை எடுத்திருக்கிறேன். திரைக்கதை எழுதினால் எல்லாமே பின்னணிக் குரலாக வருகிறது.

பதில்: எல்லாருக்கும் இடறும் இடம் இது, தம்பி. கதையை அச்செடுத்து மூன்று நிறங்களில் கோடு போடுங்கள்: கண்ணால் காண்பது, காதால் கேட்பது, மனதுக்குள் நடப்பது. மூன்றாவது நிறம் பாதிக்கு மேல் இருக்கும். அந்த ஒவ்வொரு வரிக்கும் ஒரு பொருளையோ ஒரு செயலையோ கண்டுபிடியுங்கள். கிடைக்காத வரியை அடித்துவிடுங்கள். திரைக்கதை ஒரு பக்கம் ஏறக்குறைய ஒரு நிமிடம், ஆக 15 பக்கம்தான் இடம்.

'போஸ்ட்மாஸ்டர்' (1891) கதையை எடுத்துப் பாருங்கள். வேலையை விட்டு ஊருக்குக் கிளம்பும் போஸ்ட்மாஸ்டர், வீட்டு வேலை செய்த அனாதைச் சிறுமி ரத்தனுக்குப் பணம் கொடுக்கிறார். அவள் காலில் விழுந்து, வேண்டாம் என்று அழுதுவிட்டு ஓடுகிறாள். பிறகு படகில் அவர் மனம் அலைபாய்வதையும், திரும்பிப் போய் என்ன பயன் என்று தேற்றிக்கொள்வதையும் தாகூர் எழுதுகிறார். அதைப் படம் பிடிக்க முடியாது. இதைப் படமாக்கிய சத்யஜித் ராய் 1961இல் என்ன செய்தார்? காசை எடுத்து வைத்துக்கொண்டு அவர் நிற்கிறார். ரத்தன் தண்ணீர் வாளியைத் தூக்கிக்கொண்டு, நிமிர்ந்து பார்க்காமல் அவரைக் கடந்து போகிறாள். புதிய போஸ்ட்மாஸ்டரிடம் 'தண்ணீர் கொண்டு வந்திருக்கிறேன்' என்று அவள் சொல்வது மட்டும் கேட்கிறது. ஒரு வாளி, ஒரு காசு, ஒரு குரல். பின்னணிக் குரலுக்கு அங்கே என்ன வேலை?

கேள்வி: அதற்கு யாரிடம் அனுமதி வாங்க வேண்டும்?

பதில்: இந்தியாவில் ஆசிரியர் இறந்த ஆண்டு முடிந்து 60 ஆண்டுகள் உரிமை உண்டு. தாகூர் இறந்தது 1941, உரிமை 2001 இறுதியில் முடிந்தது. நாவலாசிரியர்களில் விபூதிபூஷண் (மறைவு 1950) 2010 இறுதியிலும், மாணிக் பந்தோபாத்யாய் (மறைவு 1956) 2016 இறுதியிலும் பொதுவுடைமை ஆனார்கள். துப்பறியும் பியோம்கேஷைப் படைத்த சரதிந்து 1970இல் இறந்தவர், அங்கே இன்னும் அனுமதி வேண்டும். இரண்டு பொறிகள் உண்டு. தமிழ் மொழிபெயர்ப்பை வைத்து எழுதினால் மொழிபெயர்ப்பாளரின் உரிமை தனி. ரவீந்திர சங்கீதத்தின், அதாவது தாகூர் பாடல்களின், சொல்லும் மெட்டும் பொது, ஆனால் ஒலிப்பதிவு பதிவு செய்தவருடையது. புதிதாகப் பாடவைத்துப் பதிவு செய்யுங்கள்.

கேள்வி: தேவதாஸ் பற்றிச் சொல்லுங்கள்.

பதில்: சரத்சந்திரரின் நாவல் 1917. வங்கப் படம் 1935, தமிழில் 1937லும் 1953லும்.

கேள்வி: நீங்கள் ரிதுபர்ணரை மெச்சுவதை ஏற்க முடியவில்லை. 'சோக்கேர் பாலி' நாவலின் முடிவையே மாற்றியவர். இது ஆசிரியருக்குச் செய்த துரோகம்.

பதில்: நாவலில் ஆஷாவின் கணவனுடைய நண்பன் பிஹாரி, வினோதினியை மணக்கக் கேட்கிறான். அவள் மறுத்துவிட்டுக் காசிக்குப் போகிறாள், குடும்பம் சமாதானமாகிறது. அந்த முடிவை நினைத்துத் தாமே வருந்தியதாகத் தாகூர் பின்னாளில் எழுதினார். அந்த வரியோடுதான் படம் தொடங்குகிறது. படத்தில் அவள் ஆஷாவுக்கு ஒரு கடிதம் எழுதி வைத்துவிட்டுப் போகிறாள். அதில் வங்கப் பிரிவினையும் 'தேஷ்' (நாடு) என்ற சொல்லும் வருகின்றன. அந்தக் கடிதம் கொஞ்சம் உரைபோல நீள்கிறது என்பது என் குறை. ஆனால் துரோகம் இல்லை.

கேள்வி: அப்படியானால் எதை மாற்றினாலும் சரியா? அபர்ணா சென் 'கரே பாய்ரே'யை இன்றைய டெல்லிக்குக் கொண்டுபோனாரே!

பதில்: இல்லை. முடிவை மாற்றலாம், முடிச்சை அவிழ்த்துவிடக் கூடாது. அந்த நாவலில் சுதேசி இயக்கத்தைப் பற்றிய வாதம் ஏழைக் குடியானவன் பஞ்சுவின் துணிமூட்டையில் நிற்கிறது. அந்நியத் துணியை எரித்தால் யாருடைய அடுப்பு அணைகிறது என்று ஜமீன்தார் நிகிலேஷுக்குத் தெரியும். 2019 படத்தில் அவன் டெல்லியில் பத்திரிகை ஆசிரியன். கருத்து மோதல் கூர்மையாக இருக்கிறது, துணிச்சலும் இருக்கிறது. துணிமூட்டையின் கனம் இல்லை.

எதிர்ப்பக்கம் ராயின் 'சாருலதா'வை (1964) வையுங்கள். தாகூரின் மூலக்கதை 'நஷ்டநீட்' முடியும்போது, கூட வா என்று கூப்பிடும் கணவனிடம் சாரு, 'இல்லை, இருக்கட்டும்' என்கிறாள். படத்தில் அவளே 'வாருங்கள்' என்று கை நீட்டுகிறாள், இரண்டு கைகளும் தொடுவதற்கு முன்னால் பிம்பம் உறைந்துவிடுகிறது. சொல் தலைகீழ், முடிச்சு அப்படியே.

கேள்வி: 'சாருலதா' இந்தி டப்பிங் கிடைக்குமா?

பதில்: வங்க ஒலியோடு பாருங்கள்.