மாயச் சின்னத்தை நெய்து விற்கும் முன்: 50 என்ற எண்ணைக் கவனியுங்கள்

கேள்வி: நான் எழுதும் மிகுபுனைவு நாவலில் ஒரு நெய்த சின்னம் வருகிறது. ஏழு முடிச்சுகள், நடுவே ஒரு சிவப்பு இழை. அணிந்திருப்பவர் பொய் சொன்னால் அந்த இழை அறுந்துவிடும். நாவல் வரும்போது இதை ஜக்கார்டு தறியில் (துணியிலேயே சித்திர வடிவங்களை நெய்யும் தறி) 200 துணி பேட்ஜ்களாக நெய்து விற்க எண்ணம். சின்னத்தை வரைந்தது நான். தறிக்கு கிராஃப், அதாவது எந்த இழை எங்கே வர வேண்டும் என்று காட்டும் கட்டப்படம், போட்டுத் தந்தவர் ஒரு டிசைனர். மந்திரத்தையும் சேர்த்து காப்பிரைட் (பதிப்புரிமை) பதிந்து, பத்தே நாளில் சான்றிதழ் வாங்கித் தருவதாக ஓர் ஏஜென்ட் சொல்கிறார். பணம் கொடுக்கலாமா?

பதில்: கொடுக்காதீர்கள். அவர் சொல்வதில் இரண்டு விஷயம் நடக்கவே நடக்காது.

முதலாவது, மந்திரத்தைப் பதிய முடியாது. பொய்யைக் காட்டிக்கொடுக்கும் துணி என்பது ஒரு கருத்து. கருத்துக்குப் பதிப்புரிமை இல்லை, அதை நீங்கள் சொன்ன விதத்துக்குத்தான் உண்டு என்று உச்ச நீதிமன்றம் 1978-லேயே ஆர்.ஜி. ஆனந்த் வழக்கில் சொல்லிவிட்டது. நாளை இன்னொருவர் பொய் சொன்னால் நிறம் மாறும் சால்வை என்று கதை எழுதினால் உங்களால் தடுக்க முடியாது. உங்கள் ஏழு முடிச்சையும் சிவப்பு இழையையும் அப்படியே வரைந்தால் தடுக்கலாம்.

இரண்டாவது, பத்து நாளில் சான்றிதழ் வராது. விண்ணப்பம் போட்ட பிறகு யாராவது ஆட்சேபிக்கிறார்களா என்று 30 நாள் காத்திருந்தே ஆக வேண்டும். அதற்குள் ஏஜென்ட் நீட்டும் காகிதத்தில் இருப்பது டைரி எண். விண்ணப்பம் வந்து சேர்ந்தது என்பதைத் தவிர அதற்கு வேறு அர்த்தம் கிடையாது. அதை ஃபிரேம் போட்டு மாட்டி வைத்திருப்பவர்களைப் பார்க்கும்போது எனக்கு வருத்தமாக இருக்கிறது.

பதிப்புரிமை நீங்கள் வரைந்து முடித்தபோதே வந்துவிட்டது. உங்கள் ஆயுளுக்கும் அதற்குப் பின் 60 ஆண்டுக்கும் அது உண்டு. பதிவு கட்டாயமில்லை, வழக்கு என்று வந்தால் சான்றாக உதவும், அவ்வளவுதான். பொருளில் பயன்படக்கூடிய ஓவியத்தைப் பதிய அரசுக் கட்டணம் ரூ. 2,000. ஆனால் அதற்கு முன், இதே மாதிரி வணிகக்குறி (டிரேட்மார்க்) வேறு யாருக்கும் இல்லை என்று வணிகக்குறிப் பதிவகத்தில் சான்று வாங்க வேண்டும். ஆன்லைனில் அதற்கு ரூ. 9,000! இரண்டு அலுவலகங்களும் ஒரே அமைச்சகத்தின் கீழ்தான் இருக்கின்றன. ஒன்றின் பதிவேட்டை இன்னொன்று பார்த்துக்கொள்ள ஓர் எழுத்தாளர் ஏன் பணம் கட்ட வேண்டும்? இந்தக் குழப்பம் இருக்கும்வரை ஏஜென்ட்களுக்கு வேலை இருந்துகொண்டேதான் இருக்கும்.

சரி, உங்கள் உண்மையான சிக்கல் அந்த 200 பேட்ஜ். பதிப்புரிமைச் சட்டத்தில் 15-வது பிரிவு என்று ஒன்று இருக்கிறது. டிசைன் சட்டத்தின்கீழ் (பொருட்களின் தோற்றத்தைப் பாதுகாக்கும் தனிச் சட்டம்) பதியக்கூடிய ஒரு வடிவத்தைப் பதியாமல், தொழில்முறையில் 50 பிரதிகளுக்கு மேல் நீங்களோ உங்கள் அனுமதியோடு வேறொருவரோ செய்துவிட்டால், அந்த வடிவத்துக்கான பதிப்புரிமை அத்துடன் முடிந்துவிடும். 51-வது பேட்ஜ் தறியிலிருந்து இறங்கியதும் போய்விட்டது என்று வைத்துக்கொள்ளுங்கள். அப்புறம் யாராவது அதே பேட்ஜை ஆயிரக்கணக்கில் நெய்து விற்றாலும், பதிப்புரிமை என்று சொல்லி அவரை நிறுத்துவது மிகவும் கடினம். இலவசமாகக் கொடுத்தேன், நண்பர்களுக்குத்தான் கொடுத்தேன் என்பதெல்லாம் எடுபடாது. எத்தனை செய்தீர்கள் என்பதுதான் கணக்கு. ஜக்கார்டுக்குப் பதில் கைத்தறி என்றால் தப்பிக்கலாமா என்று கேட்பீர்கள். அதை நம்பி இறங்காதீர்கள். கையால் செய்வதையும் டிசைன் சட்டம் தொழில்முறைக்குள் சேர்த்துத்தான் சொல்கிறது. நாவலின் அட்டையிலும் உள்பக்கங்களிலும் வரும் ஓவியத்துக்கு இந்தத் தொல்லை இல்லை, பேட்ஜுக்குத்தான்.

அதனால் முதலில் பேட்ஜுக்கு டிசைன் விண்ணப்பம் போடுங்கள். தனிநபருக்குக் கட்டணம் ரூ. 1,000. பதிவானால் விண்ணப்பத் தேதியிலிருந்தே கணக்கு. உரிமை 10 ஆண்டு, பிறகு 5 ஆண்டு நீட்டிக்கலாம். வடிவம் புதிதாக இருந்தால்தான் பதிவார்கள். எனவே விண்ணப்பம் போகும்வரை பேட்ஜின் படத்தை இன்ஸ்டாகிராமில் போடாதீர்கள், முன்பதிவும் வாங்காதீர்கள்.

கிராஃப் போட்டவரிடம் எழுத்தில் உரிமை மாற்றம் வாங்கிக்கொள்ளுங்கள். எந்தக் கட்டத்தில் சிவப்பு இழை மேலே வர வேண்டும், எங்கே முடிச்சு வளைய வேண்டும் என்று முடிவு செய்தது அவர். நாளை அதில் தனக்கும் பங்குண்டு என்று அவர் சொல்ல இடம் இருக்கிறது. கூலி கொடுத்துவிட்டோம் என்பது போதாது. பத்திரத்தில் காலமும் எல்லையும் எழுதாமல் விட்டால் 5 ஆண்டு, இந்தியாவுக்குள் மட்டும் என்றுதான் சட்டம் எடுத்துக்கொள்ளும்.

வணிகக்குறி இப்போது தேவையில்லை. துணி பேட்ஜுக்கு 26-வது வகுப்பு, புத்தகத்துக்கு 16, உடைக்கு 25 என்று அடுக்கி, வகுப்புக்கு ரூ. 4,500 வீதம் கட்டச் சொல்வார்கள். இந்தச் சின்னத்தின் பெயரில் தொடர்ந்து பொருள் விற்கப் போகிறீர்கள் என்று முடிவான பிறகு பார்த்துக்கொள்ளலாம்.

யாரையாவது வைத்துத்தான் விண்ணப்பிப்பேன் என்றால், விண்ணப்பதாரர் என்ற இடத்தில் உங்கள் பெயர் இருக்கிறதா, மின்னஞ்சல் உங்களுடையதா என்று நீங்களே திறந்து பாருங்கள். ஏஜென்ட்கள் பலர் தங்கள் மின்னஞ்சலைக் கொடுத்துவிடுகிறார்கள். அலுவலகத்தின் ஆட்சேபக் கடிதம் அவர்களுக்குப் போகும், உங்களுக்குத் தெரியவே தெரியாது. டிசைன் விண்ணப்பத்தில் ஆட்சேபங்களை 6 மாதத்துக்குள் சரிசெய்ய வேண்டும். கேட்டால் இன்னும் 3 மாதம் தருவார்கள். அதையும் விட்டால் விண்ணப்பம் கைவிடப்பட்டதாகிவிடும். விண்ணப்ப எண் உங்கள் மின்னஞ்சலுக்கே வந்து சேர்ந்த பிறகு தறிக்காரரிடம் பாவு ஓட்டி நெய்யச் சொல்லுங்கள்.